பூவரச இலை போன பக்கம்

அதனால்தான் சொல்கிறேன் டீச்சரம்மா, அந்தக் கோடி வீட்டு அம்மாள் சம்பந்தியைக் குறை சொல்லிக்கொண்டு வந்தால் நான் இப்போதெல்லாம் காது கொடுப்பதே இல்லை. நேற்றுக்கூட குழாயடியில் பிடித்துக்கொண்டாள். சம்பந்தி வந்தாளாம், காபி சரியில்லை என்றாளாம், வெறும் கையோடு வந்தாளாம். எனக்குச் சிரிப்பாக இருந்தது. என் சம்பந்தியைப் பற்றி நானும் ஒரு காலத்தில் இப்படித்தான் பேசிக்கொண்டு திரிந்தேன். இந்தத் தேனாம்பேட்டைச் சந்தில் நான் சொல்லாத வாசல் கிடையாது. நீங்கள் அப்போது இங்கே குடிவரவில்லை, தப்பித்தீர்கள்.

அப்புறம் ஒரு நாள் வந்தது. அதை இன்றைக்குச் சொல்லிவிடுகிறேன். பத்திரிகையில் வாசகர்கள் எழுதுகிற பக்கத்தை வாராவாரம் எனக்குப் படித்துக் காட்டுகிறீர்களே, அதற்கு அனுப்புங்கள். எனக்கு எழுதத் தெரியாது, கைநாட்டுதான். நீங்கள் புத்தகத்தில் வருகிற மாதிரி திருத்தமாக எழுதிக்கொள்ளுங்கள். என் சம்பந்தி பேசினதை மட்டும் திருத்த வேண்டாம். அந்தம்மா பேச்சைத் திருத்தினால் அது அந்தம்மாவாக இருக்காது.

தொண்ணூற்று மூன்றோ நான்கோ, கார்த்திகை மாதம். வருஷம் சரியாகச் சொல்லத் தெரியவில்லை. என் பேத்திக்கு இப்போது ஐந்து முடியப் போகிறது, நீங்களே எண்ணிப் போட்டுக்கொள்ளுங்கள். நடந்த இடம் அடையாற்றங்கரை. இங்கே கோட்டூர்புரம் பாலத்தில் நின்று மூக்கைப் பொத்திக்கொண்டு பார்க்கிறோமே, அந்த இடம் இல்லை. ஆறு அதே ஆறுதான். சைதாப்பேட்டையில் பஸ் ஏறி மேற்கே ஒரு மணி நேரம் போனால் வயலும் பனைமரமுமாக வரும். அங்கே ஓர் ஓடை வந்து ஆற்றில் சேர்கிறது.

அந்த ஓடை உங்களுக்குப் புரிய வேண்டும், இல்லாவிட்டால் என் கதை புரியாது. பேனாவைக் கொஞ்சம் கீழே வையுங்கள், இடது கையை இப்படி நீட்டுங்கள். வெட்கப்படாதீர்கள், ஜோசியம் பார்க்கப் போவதில்லை. இந்த முழங்கை இருக்கிறதே, இதுதான் நான் பிறந்த ஊர் ஏரி. மழைக்காலத்தில் ஏரி நிரம்பினால் கலங்கல் என்று கட்டிவைத்திருக்கிற கல் வரிசை மேலே தண்ணீர் தானாக வழியும். அங்கேதான் ஓடை பிறக்கிறது. அப்படியே உங்கள் கை வழியாக வாருங்கள். பனந்தோப்பு, சுடுகாடு, ஒரு பிள்ளையார் மேடு, எல்லாவற்றையும் சுற்றிக்கொண்டு வந்தால் இந்த மணிக்கட்டு. இதுதான் தரைப்பாலம். பஸ் போகிற ரோடு இதன் மேலேதான் போகிறது. மணிக்கட்டைத் தாண்டினால் உள்ளங்கை. ஓடை இந்த இடத்தில் பாம்பு மாதிரி வளைந்து வளைந்து ஒரு மேட்டை மூன்று பக்கமும் சுற்றிப் போகும். அந்த மேட்டில்தான் என் மகளைக் கட்டிக்கொடுத்த வீடு. அப்புறம் விரல் நுனி. அங்கே அடையாறு. ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்: முழங்கை எங்கள் ஊர், மணிக்கட்டு ரோடு, உள்ளங்கை வீடு, விரல் நுனி ஆறு. இப்போது பேனாவை எடுத்துக்கொள்ளுங்கள்.

எனக்கு இந்த ஓடை மேல் ரொம்பப் பெருமை. கல்யாணமாகிப் பட்டணத்துக்கு வந்து, அபிராமபுரத்துத் தெருமுனையில் கூடை வைத்துக் கீரை விற்க ஆரம்பித்தபோதுகூட இந்த ஓடைக்கீரையைத்தான் விற்றேன். பொன்னாங்கண்ணிக் கொடி தரையோடு படர்ந்து கணுவுக்குக் கணு வேர் விடும். அந்தக் கணுவில் ஒட்டியிருக்கிற மண்ணை இரண்டு விரலால் நசுக்கிப் பார்த்தால் கீரை எந்த இடத்தில் அறுத்தது என்று சொல்லிவிடுவேன். செம்மண்ணாக இருந்தால் முழங்கைப் பக்கம். மாவு மாதிரி கறுப்பு வண்டலாக இருந்தால் கீழே உள்ளங்கைப் பக்கம், அதுதான் ருசி. நறநறவென்று மணலாக இருந்தால் ஆற்றோரம், அதை வாங்கவே மாட்டேன். மாமிகளெல்லாம் என் கூடைக்காக எதிர்த்த கூடைக்காரியைத் தாண்டி வருவார்கள் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்.

என் மகளுக்கு நிச்சயம் பண்ணின அன்று, நாங்கள் யாரோ எவரோ இல்லை என்று காட்டிக்கொள்ள வேண்டுமே என்று, சபையில் நான் ஒரு வார்த்தை விட்டேன்.

"நாங்க ஓடை பொறக்கிற ஊரு."

என் சம்பந்தி வெற்றிலையை ஒரு கன்னத்தில் இருந்து இன்னொரு கன்னத்துக்கு மாற்றிக்கொண்டு, நிதானமாகச் சொன்னார்:

"பொறந்தா போதுமா சம்பந்தி? வளர்றதுக்கு எங்க ஊருக்குத்தான வருது. உங்க ஊருல அது ஒரு சொம்பு தண்ணி. எங்க ஊருக்கு வந்தப்பறம்தான் அதுக்கு ஓடைன்னு பேரு."

சபையே சிரித்தது. என் வீட்டுக்காரர் கூடச் சிரித்தார். அவரை வீட்டுக்கு வந்து கவனித்துக்கொண்டேன், அது வேறு கதை. அன்றிலிருந்து எனக்கும் அந்தம்மாவுக்கும் போட்டிதான். அந்தம்மா இரண்டு எருமை வைத்துக்கொண்டிருப்பார். புடவையில் எப்போதும் எருமை வாசனை. பட்டணத்துக்காரியான எனக்கு அதுவும் ஓர் இளக்காரம்.

மகள் முழுகாமல் இருந்தாள். ஒன்பதாம் மாதம் வளையல் அடுக்கினோம். தலைப்பிரசவம் அம்மா வீட்டில்தானே, அன்றைக்கே கையோடு அழைத்து வந்துவிடலாம் என்று இருந்தேன். நாள் நன்றாக இல்லை, வருகிற புதன்கிழமை நானே கொண்டுவந்து விடுகிறேன் என்று சம்பந்தி நிறுத்திக்கொண்டார். எனக்கு வயிறு எரிந்தது. ஆனாலும் வாயை மூடிக்கொண்டு வந்துவிட்டேன்.

புதன்கிழமைக்கு இரண்டு நாள் இருக்கும்போது மழை பிடித்துக்கொண்டது. விடாத மழை. புதன்கிழமை காலை, எப்போதும் போலச் சைதாப்பேட்டைக்குக் கீரை வாங்கப் போனேன். அந்தப் பக்கத்தில் இருந்து கீரைக்கட்டு கொண்டுவருகிற பெண் நனைந்த கோழி மாதிரி நின்றுகொண்டிருந்தாள். பொன்னாங்கண்ணிக் கட்டைப் பிரித்துக் கணுவை நசுக்கினேன். நறநற. மணல். எனக்குக் கோபம் வந்துவிட்டது.

"ஏம்மே, ஆத்தோரத்துல அறுத்து கொண்டாந்து ஓடைக்கீரைன்னு என் தலைல கட்டறியா? நான் இன்னா நேத்து வந்தவளா?"

அவள் சத்தியம் பண்ணினாள். எப்போதும் அறுக்கிற அதே இடத்தில்தான் அறுத்தாளாம். தண்ணீர் ஏறிக்கொண்டே வருகிறதாம், அதற்குள் அறுத்துக்கொண்டு ஓடி வந்தாளாம்.

டீச்சரம்மா, அந்த ஓடை எனக்குக் கடிதாசி போட்ட மாதிரி விஷயத்தைக் கையில் கொடுத்திருக்கிறது. அதைப் படிக்காமல் நான் சண்டை போட்டேன். அது என்ன கடிதாசி என்று அப்புறம் சொல்கிறேன். அந்த நேரத்தில் தண்ணீர் ஏறுகிறது என்ற ஒரு சொல்தான் எனக்குள் தைத்தது. மேட்டைச் சுற்றித் தண்ணீர் நின்றுவிட்டால் ஒரு வாரமானாலும் வண்டி வாசி போகாது. நிறைமாதப் பெண். நடுவில் வலி எடுத்தால் எந்த ஆஸ்பத்திரிக்கு எப்படிக் கொண்டுபோவது? கூடையை அப்படியே டீக்கடையில் வைத்துவிட்டுப் பஸ் ஏறிவிட்டேன்.

தரைப்பாலத்தில் இறங்கினபோது தூறல்தான். ஓடைத் தண்ணீர் பாலத்துக்கு ஒரு சாண் கீழே ஓடிக்கொண்டிருந்தது. கரை மேலேயே அரை மணி நேரம் நடந்து வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தேன். மருமகப்பிள்ளை கிண்டியில் கம்பெனி வேலைக்குப் போய்விட்டார். சம்பந்தி வாசலிலேயே நின்று வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். பெண்ணை இப்பவே இட்டுக்கொண்டு போகிறேன் என்றேன். சண்டைக்குத் தயாராகத்தான் சொன்னேன். ஆனால் அந்தம்மா மறுக்கவில்லை.

"நானும் அதான் நெனைச்சிகினு கீறேன். போலாம். மாட்ட மட்டும் அவுத்துகினு வந்துடறேன், கூடவே வரேன். தனியா எறங்காதீங்க சம்பந்தி. இன்னிக்கி ஓடை கொணம் சரியில்ல."

சொல்லிவிட்டுக் கொல்லைப் பக்கம் போனார். ஓடையின் குணத்தை எனக்கே சொல்லித் தருகிறாளே என்று எனக்குச் சுருக்கென்றது. சரி, காத்திருந்தேன். ஒரு எருமை கட்டை அறுத்துக்கொண்டு எங்கேயோ போயிருந்தது போலிருக்கிறது. அந்தம்மா அதைக் கூப்பிடுகிற சத்தம் தூரத்தில் போய்க்கொண்டே இருந்தது. மழை வலுத்தது. என் மகள் இடுப்பைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். எனக்கு மனசு கொதித்தது. பெண்ணை விட எருமை பெரிசாகப் போய்விட்டதா இவளுக்கு என்று நினைத்தேன். நினைத்தேன் என்ன, மகளிடம் சொல்லவும் செய்தேன்.

மகள், அத்தை வரட்டும் என்றாள். நான் பையை ஒரு தோளில் மாட்டிக்கொண்டு, அவள் கையைப் பிடித்துக்கொண்டு இறங்கிவிட்டேன்.

கொஞ்ச தூரம் கரை தெரிந்தது. ஒரு வளைவு திரும்பினோம். இன்னொரு வளைவில் கரை தண்ணீருக்குள் போய்விட்டது. சுற்றிலும் வயலெல்லாம் ஒரே தண்ணீர். மழை திரை கட்டின மாதிரி கொட்டுகிறது. நான்கு பனைமரம் தெரிகிறது, நான்கும் ஒரே மாதிரி. சூரியன் எங்கே இருக்கிறது என்றே தெரியவில்லை. வளைந்து வளைந்து வந்ததில் வீடு எந்தப் பக்கம், ரோடு எந்தப் பக்கம் என்று எனக்குக் கணக்கு விட்டுப்போனது.

ஆனால் நான் பயப்படவில்லை. ஓடைக்காரி இல்லையா நான். சின்ன வயதில் எங்கள் ஊரில் ஆடு மேய்க்கும்போது மூடுபனியில் இதே மாதிரி திசை தெரியாமல் போகும். அப்போது ஓர் இலையைத் தண்ணீரில் விடுவோம். இலை போகிற பக்கம் ஆறு. அதற்கு எதிர்ப்பக்கம் ஊர். பிறந்ததில் இருந்து அது தப்பினதே இல்லை. கைக்கு எட்டின பூவரச மரத்தில் ஓர் இலையைக் கிள்ளித் தண்ணீரில் விட்டேன். அது ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு மெதுவாக இடது பக்கம் போனது. அவ்வளவுதான், முடிந்தது. இடது பக்கம் ஆறு. தண்ணீரை எதிர்த்து வலது பக்கம் நடந்தால் தரைப்பாலம், ரோடு, பஸ். மகளிடம் பெருமையாகக் காட்டினேன்.

அவள் தயங்கினாள். "எம்மா, நம்ம வைக்கப்போரு அந்தப் பக்கம்தான இருந்துச்சி?"

"நீ ஒண்ணர வருசமா பாக்கற. நான் பொறந்ததுல இருந்து பாக்கறேன். பேசாம வா."

நடந்தோம். கணுக்கால் தண்ணீர் முழங்காலுக்கு வந்தது. ஓடை மேலே போகப் போக ஆழம் குறைய வேண்டும், கூடிக்கொண்டே போகிறதே என்று ஒரு நொடி தோன்றியது. பள்ளமாக இருக்கும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். மகள் என் தோளைப் பிடித்த பிடியில் வளையல் என் சதையில் பதிந்தது. அவளுக்கு மூச்சு வாங்கியது. கொஞ்சம் நிற்கலாமா என்றாள். இதோ வந்துவிட்டது, இதோ வந்துவிட்டது என்று இழுத்துக்கொண்டு போனேன்.

அப்போதுதான் காலுக்கு அடியில் மாறியது. அதுவரைக்கும் மாவு மாதிரி சேறு, விரலிடுக்கில் வழுக்கிக்கொண்டிருந்தது. இப்போது நறநற. மணல்.

அந்த நறநறப்பு காலில் பட்டதும் காலையில் விரலில் பட்ட நறநறப்பு ஞாபகம் வந்தது டீச்சரம்மா. அந்தப் பெண் பொய் சொல்லவில்லை. அதே வண்டல் இடத்தில்தான் கீரை அறுத்திருக்கிறாள். அந்த இடத்துக்கு ஆற்று மணல் எப்படி வந்தது? ஓடையா கொண்டுவந்து போட்டது? ஆறு கொண்டுவந்து போட்டது. ஆறு நிரம்பி, ஓடைத் தண்ணீரை வாங்க இடமில்லாமல், தன் தண்ணீரையும் சேர்த்து ஓடைக்குள் திருப்பித் தள்ளுகிறது. ஓடை அன்றைக்குப் பின்பக்கமாக ஓடிக்கொண்டிருந்தது. அப்படியானால் என் இலை போன பக்கம்தான் ரோடு. நான் மணிக்கட்டுக்குப் போகிறேன் என்று நினைத்துக்கொண்டு, நிறைமாதப் பெண்ணை விரல் நுனிக்கு இழுத்துக்கொண்டு போகிறேன். இன்னும் ஐம்பது தப்படி நடந்திருந்தால் காலுக்குக் கீழே ஒன்றும் இருந்திருக்காது. மழைக்குப் பின்னால் ஓர் இரைச்சல் கேட்டுக்கொண்டே இருந்தது. அதுவரைக்கும் அதை நான் ரோட்டில் போகிற லாரி என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

நின்றுவிட்டேன். திரும்பலாம் என்றால், தண்ணீர் பின்னால் எவ்வளவு ஏறியிருக்கிறதோ தெரியவில்லை. எல்லாவற்றையும் விடக் கேவலம் என்ன தெரியுமா? அந்த நேரத்திலும் என் மகளிடம், தப்பாக வந்துவிட்டேன் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

அப்போது ஒரு கூப்பாடு கேட்டது. எருமையை ஓட்டுகிற கூப்பாடு, நாக்கை மடித்துப் போடுகிற சத்தம். மழைக்குள் இருந்து முதலில் இரண்டு கொம்பு வந்தது, அப்புறம் எருமை வந்தது, அதன் கழுத்துக் கயிற்றைப் பிடித்துக்கொண்டு என் சம்பந்தி வந்தார். இடுப்பு வரைக்கும் நனைந்து, தலையில் ஒரு யூரியா சாக்கைக் கவிழ்த்துக்கொண்டு. கிட்டே வந்து எங்கள் இரண்டு பேரையும் பார்த்தார். கத்தவில்லை. வெற்றிலையைத் துப்பிவிட்டுச் சொன்னார்:

"இன்னா சம்பந்தி, கடலுக்கா போறீங்க? மெரினாவுக்கு உங்க ஊருலயே பஸ் கீதே."

என் மகள் சிரித்துவிட்டாள். அழுதுகொண்டே சிரித்தாள். அந்தச் சிரிப்புக்குத்தான் அப்படிப் பேசினார் என்று எனக்குப் பிற்பாடு புரிந்தது.

அந்தம்மா மகளின் இரண்டு கையையும் எடுத்து எருமையின் முதுகில் வைத்தார். "கண்ணு, நீ ஒண்ணும் பண்ணாத. இது மேல சாஞ்சிகினு கால மட்டும் எடுத்து வை. இது எங்க காலு வெக்கிதோ அங்க மண்ணு கீது." பிறகு என்னைப் பார்த்து, "இன்னிக்கி ஓடை உங்க ஊருக்குப் போவுது சம்பந்தி. பொறந்த வூட்டுக்கு. அது பின்னாலயே போனா பாலம் வந்துடும்," என்றார்.

பெண்ணை விட எருமை பெரிசா என்று கேட்டேனே. அந்தம்மா எருமையைத் தேடிப் போனதே இதற்காகத்தான். பழக்கப்பட்ட எருமை தண்ணீரில் தடுமாறாது, பள்ளம் தெரியும், நிறைமாதக்காரி சாய்ந்துகொள்ள ஆள் தோளை விட அதன் முதுகுதான் நல்லது. இன்னொரு எருமையை அவிழ்த்துவிட்டுத் தன் பாட்டைத் தானே பார்த்துக்கொள் என்று விட்டுவிட்டு இதை மட்டும் ஓட்டிக்கொண்டு எங்கள் பின்னால் வந்திருக்கிறார். எங்கள் கால்தடமா தெரியும் அந்தத் தண்ணீரில்? நான் எப்படி நினைப்பேன் என்று கணக்குப் போட்டிருக்கிறார். மேல்பக்கத்து ஊர்க்காரி, தண்ணீரை எதிர்த்துத்தான் போவாள் என்று.

நாங்கள் மூன்று பேரும் ஓர் எருமையுமாகத் தண்ணீர் போகிற பக்கமே போனோம். கொஞ்ச தூரத்தில் ஒரு முள்ளுச்செடியில் என் பூவரச இலை மாட்டிக்கொண்டிருந்தது. அது என் இலைதானா என்று கேட்காதீர்கள். என்னைப் பார்த்துப் பல்லைக் காட்டின மாதிரி இருந்தது, அதனால் அதுவாகத்தான் இருக்கும்.

தரைப்பாலத்துக்கு வந்தபோது அதன் மேலேயே கணுக்கால் அளவு தண்ணீர் புரண்டுகொண்டிருந்தது. எருமையின் கயிற்றை அவிழ்த்து, முதுகில் தட்டி, வீட்டுக்குப் போ என்று சொன்னார். அதுவும் போனது. அந்தம்மாவால் திரும்பிப் போக முடியாது. எங்களோடேயே, ஈரப்புடவையும் எருமை வாசனையுமாகப் பஸ்ஸில் ஏறிவிட்டார். கண்டக்டர் எத்தனை பேர் என்று கேட்டதற்கு, "மூணே முக்கா," என்றார். சைதாப்பேட்டை வரைக்கும் பஸ்ஸில் இருந்தவர்கள் சிரித்துக்கொண்டே வந்தார்கள். இந்த ஒற்றை ரூமில் ஒன்பது நாள் என்னோடு இருந்தார். ஆறாம் நாள் பேத்தி பிறந்தாள். சுகப்பிரசவம்.

இதோடு முடிந்திருந்தால் நான் இதைப் பத்திரிகைக்கு எழுதச் சொல்லமாட்டேன். இனிமேல் சொல்வதுதான் முக்கியம், விட்டுவிடாமல் எழுதுங்கள்.

அன்று சாயங்காலம் மருமகப்பிள்ளை விஷயம் கேள்விப்பட்டுக் கிண்டியில் இருந்து ஓடி வந்தார். வாசலில் செருப்பைக்கூடக் கழற்றவில்லை. எப்படி வந்தீர்கள் என்றார். நான் ஸ்டவ் முன்னால் காபி போட்டுக்கொண்டிருந்தேன். இனி என்ன, சொல்லிவிடப் போகிறாள் என்று இருந்தேன். என் சம்பந்தி முகத்தைத் துடைத்துக்கொண்டே சொன்னார்:

"சம்பந்தியம்மாதான் எங்க ரெண்டு பேரையும் இட்டாந்தாங்க. ஓடை பொறக்கிற ஊருக்காரங்க இல்ல? இலைய போட்டு வழி கண்டுபுடிச்சாங்க."

முகத்தில் ஒரு கோணல் இல்லை. என் மகள் என்னைப் பார்த்தாள். நான் ஸ்டவ்வைப் பார்த்தேன். இலை போட்டதை மகள்தான் பஸ்ஸில் சொல்லியிருக்க வேண்டும்.

அப்புறம் அந்த ஊரில் எனக்குக் கிடைத்த மரியாதை இருக்கிறதே. பேத்திக்குப் பேர் வைக்கிற அன்று முதல் பந்தியில் என்னை உட்காரவைத்து, எப்படி வந்தீர்கள், சொல்லுங்கள் என்று சுற்றி உட்கார்ந்துகொண்டார்கள். நானும் சொன்னேன் டீச்சரம்மா. கையைக் காலை ஆட்டிச் சொன்னேன். மழையைச் சொன்னேன், வளைவைச் சொன்னேன், இலை போட்டதைச் சொன்னேன். இலை போன பக்கத்தை மட்டும் சொல்லவில்லை. அந்தம்மா எதிரில் உட்கார்ந்து வெற்றிலை மென்றுகொண்டு, ஆமாம் ஆமாம் என்று தலையாட்டிக்கொண்டிருந்தார்.

அன்று ராத்திரி அங்கேயே தங்கினேன். மறுநாள் தொழுவத்தில் தனியாகப் பிடித்து, ஏன் இப்படிச் சொன்னீர்கள், உள்ளதைச் சொல்லியிருக்கலாமே என்று கேட்டேன். அந்தம்மா பால் கறப்பதை நிறுத்தவில்லை.

"உள்ளத சொன்னா எம்புள்ள இன்னா பண்ணுவான்? இனிமே பொண்ண உங்க வூட்டுக்கு அனுப்ப மாட்டான். ரெண்டாவது புள்ளைக்கும் அனுப்ப மாட்டான், ஒடம்பு சரியில்லன்னாலும் அனுப்ப மாட்டான். பொண்ணுக்கு அம்மா வூடுன்னு ஒண்ணு வேணும் சம்பந்தி. எனக்கு இல்ல, அதான் தெரியும்."

அப்புறம் என்னைத் திரும்பிப் பார்த்து, "ஆனா நேத்து நீங்க சொன்ன கதையில அந்த எருமைய உட்டுட்டீங்க. அது கோச்சிகினு பால் கம்மியா தருது," என்றார்.

இத்தனை வருஷமாக என் பேரில் ஓடிக்கொண்டிருக்கிற பெருமை அந்தம்மாவுடையது. இப்போது மருமகப்பிள்ளைக்கு என் மேல் நல்ல பாசம், பெண்ணும் நினைத்தபோது வந்து போகிறாள், இனி சொன்னாலும் ஒன்றும் கெட்டுப்போகாது. அதனால்தான் அச்சில் வரட்டும் என்கிறேன். வந்ததும் அந்தம்மாவுக்கு யாராவது படித்துக் காட்டுவார்கள். எருமையை விட்டுவிடாமல் போட்டீர்களா? சரி.

அந்தக் கீரைக்காரப் பெண்ணிடமும் மறுவாரமே மன்னிப்புக் கேட்டுவிட்டேன். அவளுக்கு எதற்கென்றே புரியவில்லை.

எனக்கு இப்போதும் எல்லாம் தெரியும், அதில் சந்தேகம் வேண்டாம். ஆனால் எனக்குத் தெரியும் என்று வாய் திறக்கும்போதெல்லாம் உள்ளங்காலில் அந்த மணல் நறநறக்கிறது. ஒரு நொடி நின்று, பக்கத்தில் இருப்பவரை ஒரு வார்த்தை கேட்டுவிட்டுத்தான் அடுத்த அடி வைக்கிறேன்.

இருங்கள், ஹாரன் கேட்கிறதே. தண்ணீர் லாரிதான். உங்கள் கையை எடுத்துக்கொள்ளுங்கள், இவ்வளவு நேரம் நீட்டிக்கொண்டே இருக்கிறீர்களே, குடத்தை எடுங்கள். பிள்ளையார் கோயில் முனையில்தான் நிறுத்துவான், எனக்குத் தெரியும், வாருங்கள். இல்லை, ஒரு நிமிஷம். அதோ கோடி வீட்டம்மா குடத்தோடு ஓடுகிறாள், எந்தப் பக்கம் என்று அவளைக் கேட்டுவிடுகிறேன்.